ஆயுதக் கிடங்கில் ஒரு சிரிப்பு

ராஜாவை, ராஜாவின் அரண்மனையிலேயே நக்கல் அடிக்க எவ்வளவு தைரியம் வேண்டும்? தருமபுரிக்காரர்களைக் கேளுங்கள். ஊருக்குத் தகடூர் என்று பெயர் இருந்த சங்க காலத்திலேயே அதைச் செய்து காட்டியவர், அவர்கள் ஊர்த் தூதர் ஔவையார்!

தகடூரை ஆண்டவன் அதியமான் நெடுமான் அஞ்சி. அவனுக்கும் தொண்டைமானுக்கும் பகை. தூது போன ஔவையிடம், மிரட்டுவதற்காகவே தன் ஆயுதக் கிடங்கைத் திறந்து காட்டினான் தொண்டைமான். ஔவை சொன்ன பதில் புறநானூற்றில் 95-வது பாட்டு. 'அடடா, உன் ஆயுதங்களுக்கு மயில்பீலி என்ன, மாலை என்ன, நெய் பூசிய பளபளப்பு என்ன! எங்க ஆளோட ஆயுதமெல்லாம் நுனி உடைஞ்சு கொல்லன் பட்டறையில கிடக்கு' என்பது சாரம். காமர்ஸ் படித்தவன் பாஷையில், 'உன்கிட்ட இருக்கிறது அத்தனையும் டெட் ஸ்டாக்!'

கவனியுங்கள், ஒரு வசவுகூடக் கிடையாது. 'நீ சண்டைக்கே போகாதவன்' என்று நேராகச் சொல்லியிருந்தால் தலைக்கு உத்தரவாதம் இல்லை. புகழ்ச்சியாகச் சொன்னதால் கோபப்படவும் வழியில்லை. கோபப்பட்டால் கிண்டல் உண்மையாகிவிடுமே! பிற்பாடு அதியமான் இறந்தபோது கதறிப் பாடியவரும் ஔவைதான். ஆக, தூது போனவர் பத்திரமாகத் திரும்பியிருக்கிறார்.

தெருக்கூத்து பார்த்தவர்களுக்கு இந்த உத்தி புதிதல்ல. ராஜா வேஷம் அட்டகாசமாக நுழையும்போது, 'யாருய்யா நீ?' என்று கேட்பான் கட்டியங்காரன். அப்புறம் ஊர்ப் பெரிய மனுஷர், சாதி, ஓட்டு என்று, பகலில் டீக்கடையில் பேசத் தயங்குவதெல்லாம் ராத்திரி சிரிப்போடு சிரிப்பாக வந்து விழும். முன்வரிசைப் பெரிய மனுஷரும் சிரித்துத்தான் ஆகவேண்டும்.

ஆனால், ஆயுதக் கிடங்கு வைத்திருந்த தொண்டைமானுக்கு இருந்த பொறுமை, ஓட்டு வாங்கி வந்த அரசுக்கு இல்லை! எம்.ஆர்.ராதாவின் நாடகங்கள் மதத்தையும் அரசியலையும் மேடையில் வாரின. 1954-ல் சென்னை அரசு நாடகச் சட்டம் கொண்டுவந்தது. 'ஆட்சேபகரம்' என்று பட்டால் நாடகத்துக்குத் தடை. ராதாவும் மேடையை விடவில்லை, சட்டமும் போகவில்லை. பத்திரிகையாளரும் நாடகக்காரருமான ஞாநி தொடுத்த வழக்கில், 2013-ல்தான் சென்னை உயர் நீதிமன்றம் அதன் முக்கியப் பிரிவுகளைச் செல்லாது என்றது. ஒரு சிரிப்புக்குப் பயந்த சட்டத்துக்கு 59 வருஷ ஆயுள்!

சிரிப்பு கோட்டையைக் காப்பாற்றாதுதான். தகடூரைப் பிற்பாடு சேரன் பெருஞ்சேரல் இரும்பொறை ஜெயித்துவிட்டான். ஆனால், தொண்டைமானின் பளபள வேல் ஒன்றைக்கூட இன்றைக்கு நீங்கள் பார்க்க முடியாது. ஔவையின் கிண்டல் மட்டும் இன்றைக்கும் புத்தகக் கடையில் விற்பனையில் இருக்கிறது!