அறிவு ஒன்றா, உயிர் பலவா? 13ஆம் நூற்றாண்டின் பலேர்மோவும் திருவெண்ணெய்நல்லூரும்

முன்னுரை

மாந்தர் பலரிடத்தும் விளங்கும் அறிவு ஒன்றேயா, அன்றி உடல்தோறும் தனித்தனியே அறிவோர் உளரா என்னும் வினா, 13ஆம் நூற்றாண்டில் இரு வேறு நிலங்களில் கூர்மை பெற்றது. ஒன்று, சிசிலியின் தலைநகரான பலேர்மோவைச் சார்ந்த அரசவை. மற்றொன்று, மெய்கண்டார் வாழ்ந்த திருவெண்ணெய்நல்லூர். இவ்விரண்டிற்கும் நேர்த்தொடர்பு இருந்ததென நாட்டுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. இரு மரபினரும் அவ்வினாவை வினைப்பொறுப்பு என்னும் ஒரே உரைகல்லில் உரைத்துப் பார்த்தனர் என்பதே இங்கு நிறுவப்படுகிறது.

பலேர்மோ அரசவையின் வினா

831இல் அரபியர் வசமான பலேர்மோ, 1072இல் நார்மானியர் கைக்கு மாறியது. ஆட்சி மாறியபின்னும் அரபு, கிரேக்கம், இலத்தீன் ஆகிய மும்மொழிப் புழக்கம் அங்கு நீடித்தது. இச்சூழலில் வளர்ந்தவர் பேரரசர் இரண்டாம் ஃபிரெடெரிக் (1194-1250). அவருடைய அரசவை பிற்காலத்தில் தென்னித்தாலியின் அபூலியாவிலும் இயங்கியது. எனினும் அவர் உடல் பலேர்மோப் பேராலயத்திலேயே அடக்கம் செய்யப்பட்டது.

அவ்வவையைச் சார்ந்த மைக்கேல் ஸ்காட் இப்னு ருஷ்தின் (1126-1198) உரைகளை இலத்தீனில் பெயர்த்தார். அரிஸ்டாட்டிலின் உயிர்நூலுக்கு இப்னு ருஷ்து வரைந்த பேருரை இன்று முழுமையாகக் கிடைப்பது ஸ்காட் பெயரால் வழங்கும் அம்மொழிபெயர்ப்பிலேயே. பொருளை உணரும் அறிவு மாந்தர் அனைவர்க்கும் எண்ணால் ஒன்று. தனிமனிதரிடம் உள்ளவை மனப்படிமங்களே. அவை உடலோடு அழியும். இதுவே இலத்தீன் உலகம் அவ்வுரையிலிருந்து பெற்ற கொள்கை.

பேரரசரே உயிரின் அழியாமை, உலகத்தின் அநாதித்தன்மை முதலியன குறித்து இசுலாமிய அறிஞர்களை வினவினார். செயூத்தா நகரில் வாழ்ந்த இப்னு சபீன் அவற்றிற்கு எழுதிய விடைகள் 'சிசிலி வினாக்கள்' எனப்படுகின்றன. உள்ளதெல்லாம் ஒன்றே என்னும் முற்றொருமைக் கொள்கையர் அவர். இவ்வினாக்களை 1853இல் ஐரோப்பிய ஆய்வுலகிற்கு அறிமுகப்படுத்தியவர் பலேர்மோவில் பிறந்த மிகேலே அமாரி.

பாரிசில் எழுந்த மறுப்பு

ஃபிரெடெரிக் 1224இல் நேப்பிள்சில் நிறுவிய பல்கலைக்கழகத்தில் பயின்றவர் தாமஸ் அக்குவினாஸ். அவர் 1270இல் அறிவொருமைக் கொள்கையை மறுத்துத் தனிநூல் இயற்றினார். சுவரின் நிறம் கண்ணுக்குப் புலப்படுவதால் சுவர் காண்பதாகாது. அதுபோலத் தன் மனப்படிமங்கள் வேறோர் அறிவுக்குப் புலப்படுவதால் மனிதன் அறிபவனாகான் என்பது அவர் காட்டிய உவமை. ஆனால் 'இம்மனிதன் அறிகிறான்' என்பது அனுபவம். அறிபவன் அவனல்லன் எனின், இறந்தபின் நன்மைக்குப் பரிசு பெறுவாரும் தீமைக்குத் தண்டனை பெறுவாரும் இலராவர். அதே ஆண்டில் பாரிசு ஆயரும் அக்கொள்கையைக் கண்டித்தார்.

சிவஞானபோதத்தின் நிலைப்பாடு

பன்னிரு நூற்பாக்களால் ஆன சிவஞானபோதத்தில் மூன்றாம் நூற்பா உயிருண்மையை நிறுவுகிறது. 'இல்லை' என மறுப்பதற்கும் ஒருவன் வேண்டும். 'என் உடல்' என்பவன் உடலின் வேறானவன். ஐம்பொறிகள் ஒடுங்கிய கனவிலும் அறிவு நிகழ்கிறது. இவை அந்நூற்பா தரும் ஏதுக்களுட் சில. கனவில் ஒருவனாகவும் நனவில் மற்றொருவனாகவும் தோன்றுவது இருவர் அல்லர். நிலை மாறினும் உயிர் ஒன்றே. நான்காம் நூற்பா, அந்தக்கரணங்களோடு கூடி ஐந்து அவத்தைகளில் நிற்கும் உயிரை, அமைச்சரோடு கூடிய அரசனுக்கு ஒப்பிடுகிறது.

உயிர்கள் பல என்பதற்குச் சித்தாந்தம் காட்டும் சான்று வினை. ஒருவர் இன்புறும்போது மற்றொருவர் துன்புறுகிறார். ஒருவர் வீடுபெற, மற்றவர் கட்டுண்டே இருக்கிறார். உயிர் ஒன்றாயின் இவ்வேறுபாடு பொருந்தாது. அருணந்தி சிவாசாரியார் சிவஞானசித்தியார் பரபக்கத்தில் மாயாவாதத்தை மறுப்பதும் இப்பின்னணியில் நோக்கத்தக்கது.

ஒப்பும் வேறுபாடும்

இரு மரபுகளும் ஒளியை உவமையாக ஆண்டன. அரிஸ்டாட்டில் செயல்படுத்தும் அறிவை ஒளிக்கு ஒப்பிட்டார். சித்தாந்தமோ கதிரொளியையும் கண்ணொளியையும் பிரித்துக் காட்டியது: கதிர் ஒன்று, கண்கள் பல. கதிரின்றிக் கண் காணாது. ஆயினும் காண்பது கண்ணே. இறையறிவின் ஒருமையையும் உயிர்களின் பன்மையையும் ஒருங்கே காக்கும் இவ்வுவமை, அறிவொருமைக் கொள்கையர் உணர்ந்த உண்மைக்கும் இடமளிக்கிறது. அனைவரும் ஒரே பொருளை அறிய வல்லவராயிருப்பது எவ்வாறு என்பதே அவர்களை உந்திய வினா. அக்குவினாசின் உயிர் ஒரு பிறவிக்குரியது. சித்தாந்தத்தின் உயிரோ பிறவிதோறும் உடல் மாறி வருவது. ஆதலால் பல உடல்களில் ஒருவரே தொடர்வதையும் சித்தாந்தம் விளக்க வேண்டியதாயிற்று. அவ்விளக்கமே 'சார்ந்ததன் வண்ணமாதல்': பளிங்கு அடுத்த பொருளின் நிறத்தைக் காட்டுமாறு, உயிர் தான் சார்ந்ததன் இயல்பாய் நிற்கும்.

முடிவுரை

இன்று பலேர்மோவில் ஈழத்தமிழர் வாழ்கின்றனர். அவருள் சைவர் பலரும் பெல்லெக்ரினோ மலையேறிப் புனித ரொசாலியாவை வழிபடுகின்றனர். இதனை இரட்டை அடையாளம் எனல் ஆய்வாளர்க்கு எளிது. ஆனால் அச்சொல் ஒருவரை இருவராக்கி விடுகிறது. சித்தாந்த வழி நோக்கின், அங்கே மலையேறுபவர் ஒருவரே. சார்பு மட்டுமே இரண்டு. பதின்மூன்றாம் நூற்றாண்டில் வினைக்குப் பொறுப்பேற்கும் 'ஒருவர்' உளர் என்பதைக் காக்க எழுந்த தமிழ்க்கருத்து, புலம்பெயர்ந்தோர் வாழ்வை விளக்கும் ஆய்வுக்கருவியாகவும் பயன்படத்தக்கது.