கடவுச்சீட்டு மறுப்பு வழக்கு

கோயம்புத்தூர் மண்டலக் கடவுச்சீட்டு அலுவலகம், காவல் நிலைய விசாரணையறிக்கை பாதகமாயிருப்பது கண்டு, 1967ஆம் வருஷத்துக் கடவுச்சீட்டுச் சட்டத்தின் 6(2)ஆம் பிரிவின்படி விண்ணப்பத்தை நிராகரிக்குமாயின், விண்ணப்பதாரர் 11ஆம் பிரிவின்கீழ் மேல்முறையீடு செய்யலாம். அன்றி, அரசியல் சாசனத்தின் 226ஆம் ஷரத்தின்படி சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுவும் தாக்கல் செய்யலாம். இச்சட்டமே, அயல்நாட்டுப் பிரயாணம் சுதந்திரத்தின் அம்சம் என்று உச்ச நீதிமன்றம் சத்வந்த் சிங் சாஹ்னி வழக்கில் தீர்ப்பளித்ததன் விளைவாகப் பிறந்தது.

குற்ற வழக்கு நீதிமன்றத்தில் நிலுவையிலிருப்பதும் 6(2)ஆம் பிரிவின்படி மறுப்புக்கு ஒரு காரணம். ஆயினும், முதல் தகவல் அறிக்கை பதிவானது மாத்திரத்தாலே வழக்கு நீதிமன்றத்தில் நிலுவையிலிருப்பதாகாது; குற்றப்பத்திரிகையை மாஜிஸ்திரேட் கோப்பிலெடுத்த பின்னரே தடை எழும் என உயர் நீதிமன்றம் பன்முறை கூறியுள்ளது. அப்போதும், 1993 ஆகஸ்ட் 25ஆம் தேதி அறிவிக்கையின்படி, விசாரணை நீதிமன்றத்தின் அனுமதியோடு கடவுச்சீட்டு பெறலாம். நீதிமன்றம் காலவரையறை குறிக்காவிடில் அது ஓராண்டே செல்லும்.