தோராப்ஜி டாட்டாவும் இந்திய ஒலிம்பிக் நிருவாகத்தின் தொடக்கமும் (1919–1928)

முன்னுரை

இந்திய ஒலிம்பிக் இயக்கத்தின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் 1920ஆம் ஆண்டு ஆண்ட்வெர்ப் நகருக்குச் சென்ற ஆறு வீரர்களிலிருந்து தொடங்குவர். அக்குழுவை அனுப்பிவைத்த சர் தோராப்ஜி டாட்டாவை (1859–1932) 'கொடையாளர்' என்னும் ஒற்றைச் சொல்லால் குறித்துவிட்டு அவர்கள் ஆடுகளத்திற்குச் சென்றுவிடுவர். அவர் கொடையாளர் என்பதில் ஐயமில்லை. எனினும் அவர் 1904 முதல் டாட்டா நிறுவனங்களை நடத்தியவர். இரும்பாலையும் நீர்மின் நிலையங்களும் அவர் பொறுப்பிலேயே உருவாயின. விளையாட்டு நிருவாகத்தில் அவர் ஆற்றியவற்றைத் தொழில் நிருவாகத்தில் ஆற்றியவற்றோடு ஒப்பிட்டால் இரண்டிலும் ஒரே செயல்முறை தென்படும். விளைவு மட்டும் வேறானது. அவ்வேறுபாட்டின் காரணத்தை நிதி திரட்டப்பட்ட முறையில் தேடுவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

புதுச்சேரி முதல் சாக்சி வரை

தோராப்ஜி பம்பாயில் பிறந்து இங்கிலாந்தின் கென்ட் பகுதியிலும் கேம்பிரிட்ஜிலும் பயின்றவர். நாடு திரும்பிப் பம்பாய்த் தூய சவேரியார் கல்லூரியில் 1882இல் பட்டம் பெற்றார். 'பாம்பே கெசட்' இதழில் சிலகாலம் பணியாற்றிய பின் 1884இல் தந்தை ஜாம்ஷெட்ஜியின் வணிகத்தில் சேர்ந்தார். அவருக்கு முதலில் அளிக்கப்பட்ட பணிகளுள் ஒன்று தமிழ் நிலத்தைச் சார்ந்தது. அன்று பிரெஞ்சு ஆட்சிப் பகுதியாக இருந்த புதுச்சேரியில் பருத்தி ஆலை ஒன்றை நிறுவுவது ஆதாயம் தருமா என்பதைக் கண்டறிந்து வருமாறு அவர் அனுப்பப்பட்டார். அடுத்து நாக்பூர் எம்பிரஸ் ஆலையில் பயிற்சி பெற்றார். முதலில் களத்தை நேரில் பார்ப்பது, பின்னர் துறை வல்லுநரை அமர்த்துவது, அதன் பின்னரே முதலீட்டை நாடுவது என்னும் ஒழுங்கு இக்காலத்தில் அவருக்குக் கைவந்தது எனலாம்.

இரும்பாலை முயற்சியில் இவ்வொழுங்கு தெளிவாகத் தெரிகிறது. நாக்பூரில் நிலவியல் வரைபடம் ஒன்றைக் கண்டு துருக் மாவட்டத்து இரும்புக் கனிமத்தின்மீது கவனம் செலுத்தியவர் தோராப்ஜி. அமெரிக்கப் பொறியாளர் பெரினும் நிலவியலாளர் வெல்டும் அமர்த்தப்பட்டனர். நிலவியலாளர் பி.என். போஸ் 1904இல் எழுதிய மடலின் வழியே மயூர்பஞ்சுக் கனிமவளம் தெரியவந்தது. இலண்டன் பணச்சந்தை தயங்கியபோது, 1907இல் பம்பாயிலேயே பங்குகள் வெளியிடப்பட்டன. சுதேசி உணர்வு ஓங்கியிருந்த அக்காலத்தில் ஏறத்தாழ 8,000 இந்தியர்கள் மூன்று வாரங்களில் மூலதனம் முழுவதையும் அளித்தனர். சாக்சியில் 1912இல் எஃகு வார்க்கப்பட்டது. அவ்வூரே 1919இல் ஜாம்ஷெட்பூர் எனப் பெயர் பெற்றது.

பூனா, 1919

அதே 1919ஆம் ஆண்டில் பூனாவின் டெக்கான் ஜிம்கானா நடத்திய தடகளப் போட்டிகளுக்கு, அதன் தலைவர் என்ற முறையில், தோராப்ஜி பொறுப்பேற்றிருந்தார். இளமையில் இங்கிலாந்தின் விளையாட்டுகள் பலவற்றில் ஈடுபட்ட அவர், பம்பாய் உயர்நிலைப் பள்ளிகளுக்கான தடகள அமைப்பின் செயலாளராகவும் முன்னரே உழைத்தவர். ஆதலால் இப்போட்டிகளை அவர் வெறும் விருந்தினராகப் பார்க்கவில்லை. ஓடியோரில் பலர் தக்காணத்து உழவர்கள், காலணியின்றி ஓடினர், முறையான பயிற்சி பெறாதவர்கள். ஆயினும் அவர்கள் எடுத்துக்கொண்ட நேரம் ஐரோப்பிய ஓட்டக்காரர்களின் நேரத்தோடு ஒப்பிடத்தக்கதாக இருந்தது என்று, பன்னாட்டு ஒலிம்பிக் குழுவின் தலைவர் பாயே-லத்தூருக்குப் பிற்காலத்தில் எழுதிய மடலில் தோராப்ஜி நினைவுகூர்ந்தார். துருக் வரைபடத்தைக் கண்ட அதே கண்ணே இங்கும் செயற்பட்டது. நிலத்தடியில் கிடந்த தாதுவைப்போலக் கிராமப்புற ஓட்டத்திறனும் கணக்கில் ஏறாத வளமாகவே அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும். இவ்வொப்புமையில் ஒரு குறையும் உண்டு. வளமாக மதிக்கப்படுவோர் தம்மைப்பற்றி என்ன எண்ணினர் என்பது அம்மடலில் இடம்பெறவில்லை.

திறன் இருந்தது, அதனை அளந்து தேர்ந்தெடுக்கும் அறிவு இல்லை. நூறு மீட்டர் ஓட்டத்தில் ஒலிம்பிக் தகுதிக்குரிய நேரம் என்ன என்று வினவியபோது, குழுவினர் ஒருவர் 'ஒன்றிரண்டு நிமிடங்கள் இருக்கலாம்' என்று விடையளித்ததாகவும், அது நொடிகளிலும் நொடியின் பின்னங்களிலும் கணிக்கப்படுவது என்றறிந்து வியந்ததாகவும் ஒரு செய்தி வழங்கிவருகிறது. சற்றே மெருகேற்றப்பட்ட கதையாக இருப்பினும், அன்றைய நிலையை அது பிழையின்றிக் காட்டுகிறது.

போட்டிகளுக்கு வந்திருந்த பம்பாய் ஆளுநர் ஜார்ஜ் லாய்டிடம் இந்தியாவின் ஒலிம்பிக் பங்கேற்புக்கு உதவுமாறு தோராப்ஜி வேண்டினார். பிரித்தானிய ஒலிம்பிக் குழுவின் வழியாக 1920ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இசைவு கிட்டியது. ஏப்ரலில் பூனாவில் தேர்வுப் போட்டிகள் நடந்தன. ஓட்டக்காரர் நால்வர், மற்போர் வீரர் இருவர் என அறுவர் தெரிவு செய்யப்பட்டனர். சோராப் பூட், ஏ.எச்.ஏ. ஃபைசி ஆகியோர் மேலாளர்களாகச் சென்றனர். அரசு ஓரளவு பணம் வழங்கியது. செலவின் பெரும்பகுதியைத் தோராப்ஜியே ஏற்றார். இந்திய அமைப்பொன்று தேர்ந்து அனுப்பிய முதல் ஒலிம்பிக் அணி இதுவே. 1900இல் பாரிசில் இரு வெள்ளிப் பதக்கங்கள் வென்ற, கல்கத்தாவில் பிறந்த நார்மன் பிரிட்சர்டை இந்திய அமைப்பு எதுவும் அனுப்பவில்லை.

ஆண்ட்வெர்ப்பில் பதக்கம் எதுவும் கிடைக்கவில்லை. மற்போரில் ரண்தீர் ஷிண்டே வெண்கலப் பதக்கத்திற்கான போட்டிவரை முன்னேறி நான்காம் இடம் பெற்றார். மாரத்தானில் பதேப்பா சௌகுலே 19ஆம் இடத்தில் ஓடி முடித்தார். அதே ஆண்டில் தோராப்ஜி பன்னாட்டு ஒலிம்பிக் குழுவின் உறுப்பினரானார்.

1924

வணிகமும் விளையாட்டும் தோராப்ஜியின் வாழ்வில் நேருக்குநேர் சந்தித்த ஆண்டு 1924. முதல் உலகப் போருக்குப் பிந்தைய விலைவீழ்ச்சியாலும், விரிவாக்கச் செலவாலும், மலிவான வெளிநாட்டு எஃகின் வரவாலும் இரும்பாலை தொழிலாளருக்குக் கூலி வழங்க இயலாத நிலையை எட்டியது. தோராப்ஜி தம் சொந்தச் சொத்தையும், மனைவி மெஹர்பாயின் 245 காரட் ஜூபிலி வைரம் உள்ளிட்ட நகைகளையும் இம்பீரியல் வங்கியில் ஈடுவைத்து ஒரு கோடி ரூபாய் கடன் பெற்றார். நடுவண் சட்டமன்றம் அவ்வாண்டிலேயே எஃகுத் தொழில் பாதுகாப்புச் சட்டத்தை நிறைவேற்றிற்று. ஆலை மீண்டது.

அதே ஆண்டில்தான் பாரிஸ் ஒலிம்பிக்கிற்கான அணியும் புறப்பட்டது. இம்முறை ஏற்பாடு மாறியிருந்தது. பூனாவின் ஒரே ஒரு மன்றத்தை நம்பாமல், மாகாணங்களிலிருந்து வந்த வீரர்களுக்கு டெல்லியில் பிப்ரவரி மாதம் அனைத்திந்தியப் போட்டிகள் நடத்தித் தேர்வு நிகழ்ந்தது. இம்மாற்றத்தின் பின்னே நின்றவர்கள் ஒய்.எம்.சி.ஏ.வின் உடற்கல்வியாளர்கள். அவர்களுள் ஏ.ஜி. நோரன் அனைத்திந்திய ஒலிம்பிக் அமைப்பின் செயலாளர். 1920இல் சென்னையில் உடற்கல்விக் கல்லூரியை நிறுவிய ஹாரி குரோ பக், பாரிஸ் அணியுடன் பயிற்றுநராகச் சென்றவர். இவ்விருவரும் மாகாணந்தோறும் பயணம் செய்து ஒலிம்பிக் சங்கங்கள் தோன்றத் துணைபுரிந்தனர். சாக்சிக்குப் பெரினும் வெல்டும் எவ்வாறோ, ஒலிம்பிக் முயற்சிக்கு நோரனும் பக்கும் அவ்வாறு. தலைமை ஒருவரிடமும் துறையறிவு வேறொருவரிடமும் இருக்கலாம் என்னும் வணிக நடைமுறையைத் தோராப்ஜி விளையாட்டிலும் ஏற்றுக்கொண்டார். தாமே அணியைத் தேர்ந்தெடுக்கும் புரவலராக அவர் இருந்துவிடவில்லை. அவருடைய நிருவாகப் பங்களிப்பில் முதன்மையானது இதுவே.

1927இல் இந்திய ஒலிம்பிக் சங்கம் முறைப்படி உருவாயிற்று. தோராப்ஜி தலைவர், நோரன் செயலாளர், லாகூர்க் கல்வியாளர் ஜி.டி. சோந்தி இணைச் செயலாளர்.

பொறுப்பு கைமாறுதல்

ஆலைக்கும் சங்கத்திற்கும் இடையிலான வேறுபாடு இங்கேதான் தொடங்குகிறது. ஆலையில் அறிவு, தலைமை, மூலதனம் என்னும் மூன்றும் இருந்தன. மூலதனம் ஆயிரக்கணக்கானோரிடமிருந்து வந்தது. இடர் வந்தபோது சட்டம் காத்தது. ஒலிம்பிக் சங்கத்தில் முதலிரண்டும் அமைந்தன. மூன்றாவது, தனியொருவரின் பணப்பையாகவே நீடித்தது. ஓட்டத்திற்கு ஈவுத்தொகை இல்லையாதலின் பங்குதாரர் வாரார் என்பது வெளிப்படை. ஆனால் கட்டணம் செலுத்தும் உறுப்பினர்களைக் கொண்ட வலுவான மாகாண அமைப்புகளோ, சட்டத்தின் வழிவந்த நிலையான மானியமோ அவ்விடத்தை நிரப்பவில்லை. எஃகைப் பாதுகாக்க முன்வந்த அரசு, விளையாட்டை அவ்வாறு கருதவில்லை. இதனைத் தோராப்ஜியின் தவறு எனக் கொள்ளுதல் நேர்மையாகாது. ஆயினும், ஆலைக்கு 8,000 பேரைத் திரட்டிய அமைப்புமுறையை விளையாட்டுக்கு ஏற்ப மாற்றும் முயற்சி அவரிடமிருந்து வெளிப்பட்டதாகத் தெரியவில்லை. தம் கையிலிருந்தே கொடுப்பது அவருக்கு எளிதாக இருந்தது. அவ்வெளிமையே பின்னர் வழக்கமாயிற்று.

வேறு பாதையும் அன்று இருந்தது. 1925இல் குவாலியரில் உருவான இந்திய ஹாக்கிக் கூட்டமைப்பு, படைப்பிரிவுகளிலும் இரயில்வே அணிகளிலும் கழகங்களிலும் வேரூன்றிய ஆட்டத்தின்மேல் கட்டப்பட்டது. 1928இல் ஆம்ஸ்டர்டாமில் இந்தியாவின் முதல் ஒலிம்பிக் தங்கம் அவ்வழியே வந்தது.

அவ்வாண்டிலேயே தோராப்ஜி தலைமைப் பொறுப்பிலிருந்து விலகினார். அவருடைய இடத்திற்கு வரத்தக்கவர் தம் செல்வத்தால் சங்கத்தைத் தாங்கவல்லவராக இருத்தல் வேண்டும் என்னும் எதிர்பார்ப்பு இயல்பாகவே எழுந்தது. பாட்டியாலா மகாராஜா பூபிந்தர் சிங் தலைவரானார். மெஹர்பாய் 1931இல் காலமாகி இங்கிலாந்தில் புரூக்வுட் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார். மறு ஆண்டு மனைவியின் கல்லறையைக் காணப் புறப்பட்ட தோராப்ஜி, 1932 ஜூன் 3 அன்று ஜெர்மனியின் பாட் கிசிங்கனில் இறந்தார். தம் செல்வத்தை அவர் ஏற்கெனவே அறக்கட்டளைக்கு எழுதிவைத்திருந்தார். இந்திய ஒலிம்பிக் சங்கத்தின் தலைமையோ பூபிந்தர் சிங்கிடமிருந்து 1938இல் மூத்த மகன் யாதவீந்திர சிங்கிற்கும், 1960இல் இளைய மகன் பாலீந்திர சிங்கிற்கும் சென்று, 1975 வரை பாட்டியாலா குடும்பத்திலேயே இருந்தது.