நாடா தாமதமா, நாக்கு நீளமா?

கித்தாரோடு அண்ணன் டாம் வெகுளியாக உளறுவார். ஆளுயர பாஸ் வாத்தியத்தோடு நிற்கும் தம்பி டிக் திருத்துவார். பாட்டு பாதியிலேயே சண்டையாகிவிடும். அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் ஸ்மதர்ஸ் சகோதரர்களின் இந்தப் பல்சுவை நிகழ்ச்சி 1967 பிப்ரவரியில் தொடங்கியது. வியட்நாம் போர் உச்சத்திலிருந்த நேரம். அதே ஆண்டு பீட் சீகர் பாடிய போர் எதிர்ப்புப் பாடலை நிலையம் வெட்டிவிட்டது. சகோதரர்கள் விடவில்லை; 1968இல் அவரையே மீண்டும் அழைத்து, அதே பாடலைப் பாடவைத்து ஒளியேற்றினார்கள்.

1969 ஏப்ரலில் நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது. நாடாவை முன்கூட்டியே அனுப்பவில்லையாம்! நாடா தாமதமாவது எங்கள் துறையில் அதிசயமா என்ன? அவ்வாண்டே அதன் எழுத்தாளர்கள் எம்மி விருது பெற்றார்கள். சகோதரர்கள் தொடுத்த வழக்கில் 1973இல் சுமார் 7,76,000 டாலர் இழப்பீடு கிடைத்தது.