சிப்பாயா சேர்ந்த ஜெனரல்

ரெண்டாம் உலகப்போர்னாலே நம்மாளுங்க மெக்கார்தர், பேட்டன்னு சொல்லிட்டு நிறுத்திடுவாங்க. எனக்குப் பிடிச்சவர் வேற ஒருத்தர். ராய் கெய்கர், அமெரிக்க மரைன்.

1885ல் புளோரிடாவில் பிறந்தவர். சட்டம் படிச்சுட்டு, 1907ல் சாதாரண சிப்பாயா மரைன் படையில சேர்ந்தார். அப்புறம் அதிகாரி, 1917ல் விமானி. மரைன்களில் ஐந்தாவது விமானி இவர்தான்! முதல் உலகப்போரில், 1918ல் பிரான்சில், குண்டுவீச்சு ஸ்குவாட்ரன் ஒன்றுக்குத் தலைமை.

1942ல் குவாடல்கனால். விமானப்படைத் தளபதி, வயசு 57. மனுஷன் சும்மா உட்காரலை. தானே ஒரு விமானத்தை எடுத்துட்டுப் போய் ஜப்பானியர் மேல குண்டு போட்டுட்டு வந்தார்.

ஆனா எனக்கு முக்கியமா படறது பெலெலியு தீவு. 1944 செப்டம்பர் 15ல் இறங்கின முதல் மரைன் ரெஜிமென்ட், ஆறே நாளில் பாதிக்கு மேல் ஆட்களை இழந்துடுச்சு. டிவிஷன் தளபதி ருபர்ட்டஸுக்கோ ராணுவத்தோட உதவியைக் கேட்க மனசில்லை, கௌரவப் பிரச்சினை. மேலதிகாரியான கெய்கர் நேரில் போய்ப் பார்த்தார். 21ஆம் தேதி, "ராணுவ ரெஜிமென்டை இறக்கு, இவங்களை வெளியே எடு"ன்னு உத்தரவு போட்டுட்டார். இன்னும் முன்னாடியே செஞ்சிருக்கலாமேன்னு கேட்கலாம், நியாயம்தான். ஆனா செஞ்சது அவர்தான்.

1945 ஜூன் 18, ஒகினாவாவில் ஜெனரல் பக்னர் பலி. ஸ்டில்வெல் வரும்வரை பத்தாவது ஆர்மி கெய்கர் கையில். ஒரு முழு ஆர்மிக்குத் தலைமை தாங்கிய முதல் மரைன்.

1947 ஜனவரியில் காலமானார். நாலாவது நட்சத்திரம் அதுக்கப்புறம்தான் வந்தது. படையோட பெருமையா, பையன்களோட உசுரான்னு வந்தப்போ உசுருன்னு சொன்னாரே, அந்த உத்தரவுக்கே ஒரு நட்சத்திரம் தரலாம்ங்க.