கொளுக்கியில் மூன்று நாள், புத்தகத்தில் மூன்று நாள்

வேலையற்றோர் உதவிப்பணம் பெறுகின்ற ஒருவர் இடையிடையே வேலைக்கும் சென்றால் அவரை ஏமாற்றுக்காரர் என்று சொல்வது எளிது. தொழிலாளர் செய்திகளை எழுதிய காலத்தில் இந்த வாதத்தைப் பலமுறை கேட்டிருக்கிறேன். பிரித்தானியத் துறைமுகங்களின் வரலாறோ வேறு விதமாகப் பேசுகின்றது.

1911 ஆம் ஆண்டின் தேசிய காப்புறுதிச் சட்டம், கப்பல் கட்டுதல், கட்டட வேலை முதலிய சில தொழில்களுக்கு மாத்திரம் வாரம் 7 சில்லிங் உதவிப்பணம் வழங்கியது. 1920 இல் அது விரிவாக்கப்பட்டபோது துறைமுகத் தொழிலாளரும் உள்வாங்கப்பட்டனர். இவர்களுக்கு நிரந்தர வேலை கிடையாது. காலையிலும் மதியத்திலும் வாயிலில் கூடிநிற்பர். மேற்பார்வையாளர் சுட்டுகின்றவருக்கு அரைநாள் வேலை.

ஆறு நாட்களுள் எந்த மூன்று நாட்கள் வேலையில்லாதிருந்தாலும் அது தொடர்ச்சியான வேலையின்மையாகக் கொள்ளப்படும் என்ற விதி 1920களில் நடைமுறைக்கு வந்தது. 'கொளுக்கியில் மூன்று நாள், புத்தகத்தில் மூன்று நாள்' என்ற துறைமுக வழக்கு இதிலிருந்தே பிறந்தது. கொளுக்கி, மூடை தூக்கும் கருவி. புத்தகம், வேலையற்றோர் கையொப்பமிடும் பதிவேடு.

1930 இல் மனைவியும் இரு பிள்ளைகளும் உள்ளவருக்கு வாரம் 30 சில்லிங். மூன்று நாட்களுக்கு 15 சில்லிங். நான்காவது நாளும் வேலைக்குச் சென்றால் பொதுவாக அந்த 15 சில்லிங்கும் இல்லை. சாதாரண நாட்கூலி அத்தொகையை எட்டவில்லை. உழைத்தவர் நட்டப்பட்டார்.

ஆனால் பழி தொழிலாளி மீதே விழுந்தது. 1931 இல் தொழிற்கட்சி அமைச்சர் மார்கரெட் பொண்ட்ஃபீல்ட் கொண்டுவந்த 'முரண்பாடுகள்' சட்டம், இடைவிட்டு வேலை செய்வோரையும் பருவகாலத் தொழிலாளரையும் மணமான பெண்களையும் குறிவைத்தது. உரிமையை அதிகம் இழந்தோர் மணமான பெண்களே. தேவைக்கு மேல் ஆட்களை வாயிலில் காத்திருக்க வைத்து இலாபமடைந்த முதலாளிமாரை அச்சட்டம் தொடவில்லை. காத்திருப்போரின் பட்டினியைப் பொதுக் காப்புறுதி நிதி தாங்கியது என்பதே உண்மை.

1947 இல் தேசிய துறைமுகத் தொழிலாளர் திட்டம் வந்த பின்னர், வேலைக்கு ஆயத்தமாக வந்து நின்றவருக்குத் தொழில்துறையே பணம் கொடுத்தது. 1989 இல் அத்திட்டமும் ஒழிக்கப்பட்டது.

பிரித்தானியாவில் 2013 இல் அறிமுகமான 'யுனிவர்சல் கிரெடிட்' முறையில் நாட்கணக்கு இல்லை. 2021 முதல், கழிவுத்தொகைக்கு மேல் உழைக்கும் ஒவ்வொரு பவுணுக்கும் 55 பென்ஸ் குறைக்கப்படுகின்றது. விதி மாறியிருக்கின்றது. நிச்சயமற்ற வேலையால் இலாபமடைபவர் யார் என்ற கேள்வியை மாத்திரம் இன்றும் எவரும் முதலில் கேட்பதில்லை.