எண்ணிக்கையிற் பிறந்த கண்டனம்

சில ஆண்டுகளுக்கு முன்னர் எமது பாடசாலையின் மேல் வகுப்பொன்றில் மொழிபெயர்ப்புப் பயிற்சி நடைபெற்றது. பாராளுமன்றம் அமைச்சர் ஒருவரைச் ‘சென்ஷர்’ செய்தது என்னும் ஆங்கில வாக்கியத்தைத் தமிழாக்குமாறு கேட்டிருந்தேன். மாணவன் ஒருவன், ‘பாராளுமன்றம் அமைச்சரைத் தணிக்கை செய்தது’ என்று எழிதியிருந்தான் என அவனே எழுந்து வாசித்தபோது வகுப்புச் சிரித்தது. நானும் சிரித்தேன். பின்னர் அமைதியாக நினைத்துப் பார்த்தபோது, அவன் முற்றாகத் தவறிவிடவில்லை என்பது புலனாயிற்று. திரைப்படத்தை வெட்டுகின்ற சென்சரும், குடித்தொகையைக் கணக்கெடுக்கின்ற சென்சஸும், குற்றங்கண்டு கடிகின்ற சென்ஷரும் ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகளே. அவற்றுள் மூன்றாவதாகிய கண்டனச் சொல்லின் வரலாற்றையே நேயர்களுக்கு இன்று எடுத்துரைக்க விரும்புகிறேன்.

இச்சொற்களின் தாய் ‘சென்சேரே’ என்னும் இலத்தீன் வினை. மதிப்பிடுதல், கருத்துரைத்தல் என்பன அதன் பொருள்கள். ஒருவனுடைய உடைமையை மதிப்பிடுவதற்கும், ஒரு விடயத்தைப்பற்றித் தன் கருத்தைக் கூறுவதற்கும் உரோமர் அந்த ஒரே சொல்லை வழங்கினர். தமிழருக்கு இது வியப்பளிக்க வேண்டியதில்லை. நாமும் காசை எண்ணுகிறோம், மனத்திலும் எண்ணுகிறோம். எண் என்பது இலக்கத்தையுங் குறிக்கும், நினைவையுங் குறிக்கும். எண்ணுதலிலிருந்து எண்ணம் பிறந்தது. உரோமரிடத்திலோ அதே வழியிற் கண்டனமும் பிறந்தது.

உரோமக் குடியரசிலே ‘சென்சோர்’ என்னும் பதவி கி.மு. 443ஆம் ஆண்டில் ஏற்படுத்தப்பட்டது என்பது மரபு. ஏறக்குறைய ஐந்தாண்டுகளுக்கு ஒருமுறை இருவர் தெரிவு செய்யப்படுவர். அவர்தம் பதவிக்காலம் பதினெட்டு மாதம். குடிமக்களின் பெயர், குடும்பம், சொத்து ஆகியவற்றைப் பதிவதே அவர்களது முதற்பணி. வரியும் படைச்சேவையும் வாக்குரிமையின் படிநிலையும் அந்தப் பதிவேட்டையே ஆதாரமாகக் கொண்டிருந்தன. ஆகவே, எவன் எந்த வரிசையில் நிற்கத் தக்கவன் என்று தீர்மானிக்கும் அதிகாரமும் பதிவேடு எழுதுபவரின் கையிற் சேர்ந்தது. சொத்தை மதிப்பிட வந்தவர்கள் நாளடைவில் நடத்தையையும் மதிப்பிடலாயினர்.

ஒருவனுடைய ஒழுக்கம் பதவிக்கு ஒவ்வாதது என்று கண்டால், பதிவேட்டில் அவன் பெயரருகே சென்சோர்கள் ஓர் அடையாளமிடுவர், காரணத்தையும் எழுதுவர். செனற் சபையினன் ஆயின் சபையிலிருந்து நீக்கப்படுவான். குதிரை வீரன் ஆயின் அரசு வழங்கிய குதிரையை இழப்பான். கி.மு. 275இல், இருமுறை கொன்சல் பதவி வகித்த உரூபினுஸ் என்பவர் பத்து இறாத்தல் நிறையுடைய வெள்ளிப் பாத்திரங்களை வைத்திருந்தமைக்காகச் சபையிலிருந்து நீக்கப்பட்டார். கி.மு. 184இல் சென்சோராயிருந்த கேற்றோ, முன்னாட் கொன்சலான இலூசியுஸ் பிளமினீனுஸ் என்பவரை நீக்கினார். விருந்தொன்றிலே தமக்கு வேண்டிய ஒருவரை மகிழ்விப்பதற்காக மனிதனொருவனைக் கொன்றார் என்பது அவர்மீது சாட்டப்பட்ட குற்றம். அதே கேற்றோ, மகள் பார்த்திருக்கப் பகலிலே மனைவியைத் தழுவிய ஒருவரையும் நீக்கினார் என்று புளூட்டாக் எழுதியிருக்கிறார். கொலைக்கும் தழுவலுக்கும் ஒரே தண்டனை! இந்த அதிகாரத்தின் பெருமையும் ஆபத்தும் இவ்விரு செய்திகளிலேயே அடங்கிவிடுகின்றன.

ஆயினும் இதற்கு மூன்று வரம்புகள் இருந்தன. இரு சென்சோர்களும் உடன்பட்டாலன்றி அடையாளம் செல்லாது. அது நீதிமன்றத் தீர்ப்பன்று. சிறையும் இல்லை, மரணமும் இல்லை. மானக்கேடு மாத்திரமே உண்டு. அடுத்து வரும் சென்சோர்கள் விரும்பின் அந்த அடையாளத்தை அகற்றவும் முடியும். பேரரசர் காலத்தில் இந்த வரம்புகள் தேய்ந்தன. கி.பி. 85இல் தொமீசியன் தன்னையே வாழ்நாட் சென்சோர் ஆக்கிக்கொண்டபோது, உடன்படவேண்டிய மற்றவரும் இல்லை. பின்வந்து திருத்துபவரும் இல்லை.

பின்னர் இச்சொல் கிறித்தவத் திருச்சபையின் சட்டத்திற் புகுந்து, சபை நீக்கம் முதலிய தண்டனைகளைக் குறித்தது. பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்தை அடைந்தபோது, தீர்ப்பு என்ற பொருளோடு, வெறுங் கருத்து என்ற பழைய பொருளும் அதனுடன் வந்தது. சேக்ஸ்பியரின் ‘ஹம்லற்’ நாடகத்திலே பொலோனியஸ் தன் மைந்தனுக்குக் கூறும் அறிவுரையில் இச்சொல் பிறரது அபிப்பிராயம் என்ற பொருளிலேயே வருகிறது. அதனைக் கண்டனம் என்று கொள்ளும் மாணவர் பொருளைத் தவறவிடுவர். காலப்போக்கில் நல்லெண்ணம் உதிர்ந்துவிட, குறைகாணும் எண்ணமே எஞ்சியது.

இன்றைய வழக்கில் இச்சொல்லை அதன் அயற்சொற்களிலிருந்து பிரித்தறிதல் வேண்டும். ‘கிறிற்றிசைஸ்’ செய்ய எவருக்கும் இயலும். ‘கொண்டெம்’ என்பதோ இழப்பைக் குறிக்கும் இலத்தீன் சொல்லின் வழிவந்து, குற்றவாளிக்குத் தண்டனை விதிப்பதையும் உணர்த்தும். ‘சென்ஷர்’ இவ்விரண்டுக்கும் இடைப்பட்டது. கடிவதற்கு உரிமையுடைய ஒரு சபையோ அதிகாரியோ, குறித்த ஒரு செயலுக்காக, குறித்த ஒருவரை முறைப்படி கடிந்து ஏட்டிற் பதிவதே அதன் சிறப்புப் பொருள்.

இந்த நுண்மை வெறும் அகராதிச் சங்கதியன்று. 1834இல் அமெரிக்கச் செனற் சபை சனாதிபதி அன்ட்று ஜாக்சனைச் சென்ஷர் செய்தது. 1837இல் அவருடைய கட்சியினர் பெரும்பான்மை பெற்று, பழைய ஏட்டைக் கொண்டுவரச் செய்து, அத்தீர்மானத்தைச் சுற்றிக் கருங்கோடு இழுத்து அதனை நீக்கினர். 1954 டிசெம்பர் 2ஆம் நாள் செனற்றர் மக்கார்தியின் நடத்தையை அதே சபை 67க்கு 22 என்ற வாக்குகளாற் கடிந்தது. தீர்மானத்தின் இறுதி வாசகத்தில் ‘சென்ஷர்’ இல்லை, ‘கொண்டெம்’ என்பதே இருந்தது. அதனைப் பற்றிக்கொண்டு, இது சென்ஷர் ஆகாது என்று அவருடைய நண்பர்கள் வாதிட்டனர். சரித்திரம் அந்த வாதத்தை ஏற்கவில்லை.

எமது நாட்டிலும் இதற்கொரு சிறந்த உதாரணம் உண்டு. 1936இல் அவுஸ்திரேலியாவிலிருந்து தேயிலைத் தோட்டத்தொழில் பழக வந்த பிரேஸ்கேர்டில் என்னும் இளைஞர், தோட்டத் தொழிலாளரின் பக்கம் நின்று பேசலானார். 1937 ஏப்பிரிலில் தேசாதிபதி ஸ்ரப்ஸ், பொறுப்பு உள்நாட்டு அமைச்சரின் ஆலோசனையைப் பெறாமலே அவரை நாடுகடத்தக் கட்டளையிட்டார். மே மாதத்தில் அரசாங்க சபை அச்செயலுக்காகத் தேசாதிபதிமீது கண்டனத் தீர்மானத்தை 34க்கு 7 என்ற வாக்குகளால் நிறைவேற்றியது. அம்மாதமே உயர் நீதிமன்றம் கட்டளை செல்லாதெனக் கண்டு அவரை விடுவித்தது. தேசாதிபதியைப் பதவி நீக்க அச்சபைக்கு அதிகாரம் இருக்கவில்லை. ஆனால், அவர் செய்தது தவறு என்று ஏட்டில் எழுத அதிகாரம் இருந்தது. தண்டிக்க இயலாதவர்க்கும் எஞ்சியிருக்கும் ஆயுதம் இது.

தமிழில் இதனைக் ‘கண்டித்தல்’ என்கிறோம். அச்சொல்லின் வேர்ப்பொருள் துண்டாக வெட்டுதல் என்பதாகும். வள்ளுவர் அரசனுக்கு வேண்டுவது ‘இடிப்பாரை’ என்றார். வெட்டுதலும் இடித்தலும் எமது சொற்கள். எண்ணுதல் அவர்களுடைய சொல். கண்டிப்பவன் முதலில் எண்ணவேண்டும் என்ற பாடத்தை நான் அந்த இலத்தீன் சொல்லிடம் பிந்தியே கற்றேன்.

ஆசிரியத்தொழிலை ஏற்ற முதலாண்டுகளில், மாணவனொருவனின் விடுகைப் பத்திரத்தில் ‘ஒழுக்கம் திருப்தியற்றது’ என்று எழுதினேன். காரணம் எழுதவில்லை, வேறெவரையும் கலந்துகொள்ளவும் இல்லை. பல்லாண்டுகள் கழித்து அவன் என்னைக் கண்டபோது கோபிக்கவில்லை. “நான் என்ன செய்தேன் என்றாவது எழுதியிருக்கலாமே, சேர். கேட்டவர்களுக்கெல்லாம் என்னாற் பதில் சொல்ல முடியவில்லை” என்று மாத்திரம் கூறினான்.

காரணம் எழுதப்படவேண்டும், இன்னொருவர் உடன்படவேண்டும், பின்னொருநாள் அழிக்கவும் வழியிருக்கவேண்டும். உரோமர் தம் பதிவேட்டில் வைத்திருந்த இம்மூன்றையும் நான் அன்று வைத்திருக்கவில்லை. இப்பொழுது எமது பாடசாலையில், மாணவனின் நடத்தைபற்றி எவரேனும் குறை எழுதுவதாயின், காரணத்துடன், இரண்டு கையொப்பங்களுடன் எழுதவேண்டும் என்பது விதி. அன்று ‘தணிக்கை’ என்று எழுதிய மாணவனின் விடைக்கும் நான் பாதிப் புள்ளி வழங்கினேன்.